முழுக்கைச் சட்டை

“ஸ்லீவை மடிச்சு விட்டுக்குங்க அங்கிள், வெயில் ஏறிடும்” என்றான் லோகேஷ், காரைப் பூட்டிக்கொண்டே. “பரவால்ல தம்பி” என்றேன். அவ்வளவு சீக்கிரம் சொல்லியிருக்கக் கூடாது. கேட்டு முடிப்பதற்குள் பதில் வந்தால் அது முன்பே தயாராக இருந்த பதில் என்று தெரிந்துவிடும். கொஞ்சம் சிரித்து, வானத்தைப் பார்த்து, எங்க ராணிப்பேட்டை வெயிலைவிடவா என்று இழுத்திருக்கலாம். அவன் கவனித்த மாதிரி இல்லை. கவனிக்காத மாதிரி இருப்பதும் கவனிப்புதான். டேனரியில் தோலைத் தரம் பிரிக்கும் செலக்‌ஷன் மேஜைக்குப் பின்னால் நின்றுகொண்டு இத்தனை வருஷமாக நான் செய்வதும் அதுதான், வியாபாரி எதிரே நிற்கும்போது குறை தெரிந்த இடத்தில் கண்ணை நிறுத்தாமல் தாண்டிப் போய்விட்டு, அவன் டீ குடிக்கத் திரும்பியதும் அந்த இடத்துக்கு வந்து சாக்கட்டியால் வட்டம் போடுவது. இவனும் தாண்டிப் போயிருக்கிறானோ என்னவோ. இடது மணிக்கட்டுப் பட்டனைத் தொட்டுப் பார்த்தேன். இருக்கிறது. காலையில் ஓட்டல் அறையில் போட்டதிலிருந்து தொட்டுத் தொட்டுப் பார்க்கிறேன். வலது கை விரலுக்குப் பட்டன் தெரிகிறது. பட்டனுக்கு அடியில் இருக்கும் கைக்கு விரல் தெரியவில்லை. இதை நினைக்காமல் அரை நாள் இருந்துவிட்டால் போதும். மத்தியானம் சாப்பாட்டுக்குப் பிறகு அவன் என்னை ஓட்டலில் விட்டுவிட்டு டல்லஸுக்குத் திரும்பிவிடுவான், நாளைக்கு நானும் முதலாளியின் மகனும் விமானம் ஏறிவிடுவோம், மகள் ரேணுகாவுக்கு ஆவணியில் நிச்சயம். அரை நாள். பூட்ஸ் கம்பெனிக்குத் தோல் காட்ட முதலாளியின் மகன் கிளம்பியபோது தரம் சொல்ல ஆள் வேண்டும் என்று என்னையும் அழைத்து வந்தார். அதைக் கேட்டதும் என் மனைவி மல்லிகா, சாமிதான் அனுப்புது, மாப்பிள்ளைப் பையன் அங்கேதானே இருக்கான், நீங்களே ஒரு எட்டு பார்த்துட்டு வந்துடுங்க, பொண்ணு போட்டோவையும் குரலையும் மட்டும் வெச்சுக்கிட்டு எப்படி ஒத்துக்கும் என்றாள். பார்க்க வந்தவன் நான்தான். இதை எனக்கு நானே சொல்லிக்கொள்ள வேண்டியிருக்கிறது. காலையில் அவன் காரைத் திறந்துவிட்டு, உட்காருங்க அங்கிள் என்றதிலிருந்து என்னைத்தான் அவன் பார்ப்பதாகத் தோன்றுகிறது, மேஜைமேல் விரித்துப் போட்ட மாதிரி.

மாட்டு நகரம் என்றுதான் இந்த ஊருக்குச் செல்லப் பெயராம். ஃபோர்ட் வொர்த்தில் பார்க்க வேண்டியது இதுதான், உங்களுக்கு மாடுன்னா பிடிக்குமே அங்கிள் என்று டூர் பதிவு செய்திருக்கிறான். மாடு எனக்குப் பிடிக்கும் என்று யார் சொன்னது. எனக்கு மாடு தெரியும், உரித்த பிறகு. செங்கல் பாவிய தெரு, இரண்டு பக்கமும் பழைய காலத்து மரக் கட்டடங்கள், தோல் வாசனை எங்கிருந்தோ வருகிறது, நம்முடைய வாசனை இல்லை, எண்ணெய் போட்டு மெருகேற்றியது, கடையில் விற்கிற வாசனை. வழிகாட்டி ஒரு அம்மாள். லொரேன் என்று பெயர். அறுபது தாண்டியிருக்கும், வற்றிய உடம்பு, வைக்கோல் நிறத் தொப்பி, முழங்கால்வரை பூட்ஸ். குழுவில் எங்களைச் சேர்த்து நான்கே பேர். ஒஹாயோவிலிருந்து வந்த ஒரு வயதான கணவனும் மனைவியும் மற்ற இருவர். லொரேன் எல்லோருக்கும் கை கொடுத்தாள். என் முறை வந்தபோது கும்பிட்டுவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது, நம்ம ஊர்க்காரர் கும்பிட்டால் யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். ஆனால் கும்பிட இரண்டு கையும் மேலே வர வேண்டும், கை மேலே வந்தால் சட்டை கீழே இறங்கும். வலது கையைக் கொடுத்தேன். அழுத்திப் பிடித்தாள். கயிறு பிடித்துக் காய்த்த உள்ளங்கை, அந்தச் சொரசொரப்பு எனக்கு நன்றாகத் தெரிந்தது, தெரிந்ததில் ஒரு சந்தோஷம், வலது கைக்கு ஒன்றுமில்லை, தோலைத் தடவித் தரம் சொல்லும் வலது கட்டைவிரல்தான் சோறு போடுவது, அதற்கு ஒன்றும் இல்லை. எந்த ஊர் என்று கேட்டாள். லோகேஷ் ஏதோ சொன்னான், தோல், லெதர், எக்ஸ்பர்ட் என்று காதில் விழுந்தது. ஓ என்று அவள் என் காலில் பூட்ஸைத் தேடினாள், நான் செருப்புதான் போட்டிருந்தேன். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரிக்கும்போது கையைப் பேன்ட் பையில் விட்டுக்கொண்டேன்.

லொரேன் சொல்லச் சொல்ல லோகேஷ் பாதியைத் தமிழில் சொன்னான். தெற்கே புல்வெளிகளிலிருந்து மந்தை மந்தையாக ஓட்டிட்டு வருவாங்க அங்கிள், அப்புறம் ரயில் வந்துச்சு, இங்கேதான் ஏத்துவாங்க. இப்போ இருக்கிற மந்தை டூரிஸ்ட்டுக்காக, தினம் இந்தத் தெருவுல நடத்திக் காட்டுவாங்க, கடைசியில பார்ப்போம். நல்ல பையன். மல்லிகா கேட்டால் முதலில் இதைச் சொல்ல வேண்டும், ஒஹாயோ அம்மாளின் தண்ணீர் பாட்டில் மூடி திறக்கவில்லை, கேட்காமலே வாங்கித் திறந்து கொடுத்தான். நிறம் கொஞ்சம் மட்டு, போட்டோவில் வெளுப்பாக்கிவிட்டார்கள். பல் வரிசை நன்றாக இருக்கிறது. நாங்க எதையும் மறைக்காத குடும்பம் சம்பந்தி என்று அவன் அம்மா போனில் சொன்னாள், வாலாஜாவிலிருந்து, ஸ்பீக்கரில் போட்டிருந்தாள் மல்லிகா, நான் பக்கத்தில் நகம் வெட்டிக்கொண்டிருந்தேன். “தப்பா எடுத்துக்காதீங்க, எங்க மூத்தவன் விஷயத்துல ஏமாந்துட்டோம். பொண்ணுக்குக் காக்கா வலிப்பு, மூணாம் மாசம்தான் தெரிஞ்சுது. உங்க பக்கத்துல பரம்பரையா ஏதாவது உண்டா?” மல்லிகா சிரித்துக்கொண்டே, “ஐயோ, எங்க வீட்ல சர்க்கரைகூடக் கிடையாதுங்க” என்றாள். பொய் சொல்லவில்லை அவள். என் கையில் இருப்பது அவளுக்குத் தேமல்தான். பூவரசங்காயை உரசிப் போடுங்க, போயிடும் என்று மரத்தடியிலிருந்து தினம் ஒன்று பொறுக்கி வந்தாள், அவளே போட்டும்விட்டாள், எரியுதா என்று கேட்டாள், ஆமாம் எரியுது என்றேன். அந்தப் போன் பேச்சின்போது நகவெட்டி இடது சுண்டுவிரலில் இருந்தது. சதையோடு பிடித்திருந்தது. ரத்தம் வந்த பிறகுதான் பார்த்தேன்.

தொழுவங்களுக்கு மேலே ஒரு மரப்பாலம் போகிறது. அங்கே ஏறி நின்றால் கீழே அடைத்து வைத்திருக்கும் மாடுகளை முதுகுப் பக்கமிருந்து பார்க்கலாம். கொம்புகள்தான் எல்லோருக்கும் வியப்பு, ஒரு கொம்பு நுனியிலிருந்து மறு நுனிக்கு ஓர் ஆள் படுக்கலாம் போல. நான் கொம்பைப் பார்க்கவில்லை. பழுப்பு, வெள்ளை, இரண்டும் கலந்தது, முதுகெலும்பை ஒட்டி உண்ணி கடித்த புள்ளிகள், விலாவில் முள்கம்பி கிழித்து ஆறிய கோடு, பின்தொடையில் சூட்டுக் குறி, அதுவும் தோலின் மிக நல்ல இடத்தில். அதைச் சுற்றி என் கட்டைவிரல் தானாக ஒரு வட்டம் போட்டது, பையின் உள்ளே, துணிமேல். இப்படி ஒரு தோல் வந்தால் மூன்றாம் தரம். வேண்டாம் என்று தள்ளவும் தள்ளலாம். எல்லாமே காயடித்தவை என்று லொரேன் சொல்ல, ஒஹாயோக்காரர் மனைவியைக் காட்டி ஏதோ சொன்னார், அந்த அம்மாள் அவர் தோளில் அடித்தாள். என்ன சொல்றாரு தம்பி என்றேன். லோகேஷ் கழுத்தைத் தடவிக்கொண்டான். “ஒண்ணுமில்ல அங்கிள். கல்யாணத்தைப் பத்தி ஒரு ஜோக்.” “சொல்லுங்க, நானும் கல்யாணம் ஆனவன்தானே.” “வேணாம் அங்கிள், அப்புறம் நீங்க பொண்ணு தர மாட்டீங்க.” இந்தக் காலையிலேயே முதல் தடவையாக நான் சரியாகச் சிரித்தேன். தோள் இறங்கிற்று. இடது கையை வெளியே எடுத்து, பாலத்தின் கைப்பிடியில் வைத்துக்கொண்டு, கீழே ஒரு கிழட்டு வெள்ளை மாடு வாலால் ஈ விரட்டுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன், ரேணுகாவை இவனிடம் கொடுக்கலாம், கொடுத்துவிடலாம், கேலி பேசுகிறான், மரியாதையாகவும் கேலி பேசுகிறான், அவள் சின்ன வயதில் எருமைக்கு நமஸ்காரம் சொல்வாள் என்பதை இவனிடம் சொல்லலாமா என்று நினைத்தபோது ஒஹாயோ அம்மாள் கைப்பிடியைத் தொட்டுவிட்டு ஐயோ என்கிற மாதிரி கத்திக் கையை உதறினாள். இரும்பு, கறுப்புப் பெயின்ட் அடித்தது, காலையிலிருந்து வெயில் அதன் மேலேயே விழுந்துகொண்டிருந்தது. அவள் உதறிய கையை ஊதிக்கொண்டு என் கையைப் பார்த்தாள். லோகேஷும் பார்த்தான். “மாமா! கை!” என்று பாய்ந்து என் முழங்கையைப் பிடித்து இழுத்தான். உள்ளங்கையின் ஓரம், சுண்டுவிரல் பக்கம், சிவந்து பளபளத்தது. “சுடலையா உங்களுக்கு?” எல்லோரும் பார்க்கிறார்கள். மாடுகூட நிமிர்ந்து பார்க்கிற மாதிரி இருக்கிறது. “தோல் வேலை செய்யற கை தம்பி, காய்ச்சுப் போச்சு” என்றேன். இந்தத் தடவை கொஞ்சம் தாமதமாகவே சொன்னேன், சிரிப்பும் சேர்த்தேன். எல்லாம் சரியாகத்தான் செய்தேன். அவன் அந்தச் சிவப்பைப் பார்த்தபடியே, “ஓ” என்றான். மாமா என்றானே என்று அப்புறம்தான் உறைத்தது.

கீழே இறங்கும் படிகளில் கைப்பிடியைத் தொடவில்லை. யாரும் தொடவில்லை. கையில் கொப்புளம் கிளம்பும், மாலைக்குள் கிளம்பிவிடும், சாப்பிடும்போது கிளம்பிவிட்டால் என்ன செய்வது, இடது கையை மடியில் வைத்துக்கொள்ளலாம், நல்லவேளை நாம் இடது கையால் சாப்பிடுவதில்லை, ஆனால் இங்கே முள்ளும் கத்தியும் தருவான். போன தையில் படவேட்டு அம்மன் கோயிலில் ஆரத்தித் தட்டு வந்தபோது இரண்டு கையாலும் ஒற்றிக்கொள்ளக் குனிந்தேன், குருக்கள் பதறி, சாமி, விரல், விரல் என்றார், இடது சுண்டுவிரல் கற்பூரத்துக்குள்ளேயே இருந்தது. பக்கத்தில் நின்ற ஒரு அம்மாள் என் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். பக்தியாம். அன்றைக்கு எனக்குத் தெரிந்துபோயிற்று. இல்லை, அதற்கு முன்பே தெரியும், ராணிப்பேட்டை பஸ் ஸ்டாண்டுச் சுவரில் மஞ்சள் எழுத்தில் எத்தனை காலமாக எழுதி வைத்திருக்கிறான், உணர்ச்சியற்ற தேமல் தொழுநோயாக இருக்கலாம், ஆரம்பத்திலேயே வந்தால் முற்றிலும் குணப்படுத்தலாம், மருந்து இலவசம். அதன் அடியில் நின்றுதான் தினம் பஸ் ஏறுகிறேன். சுவரில் எழுதியதை யார் நம்பினார்கள். காட்பாடிக்கு அந்தப் பக்கம் இந்த நோய்க்கான பெரியாஸ்பத்திரி நிறுத்தத்தில் யாராவது ஏறினால் பக்கத்து ஸீட்டில் இருக்கிறவர்கள் எழுந்து நின்றுகொள்வார்கள், இறங்கப் போகிறவர்கள் மாதிரி, அடுத்த நிறுத்தம் வந்தாலும் இறங்க மாட்டார்கள். நானும் எழுந்து நின்றிருப்பேன், ஞாபகம் இல்லை. என் பெரியப்பாவுக்கு வந்தபோது வீட்டில் அதற்குப் பேரே சொன்னதில்லை, பெருவியாதி என்றுகூடச் சொன்னதில்லை, அவருக்கு உடம்பு என்றுதான். பின்கட்டில் தனி அறை, தனித் தட்டு. அவர் பெண்ணைப் பார்க்க ஆரணியிலிருந்து ஆட்கள் வந்த அன்று அந்த அறை வாசலை மறைத்து நெல் மூட்டை அடுக்கினார்கள், அவர் இருமினால் கேட்கக் கூடாது என்று ரேடியோவைச் சத்தமாக வைத்தார்கள், கிரிக்கெட் ஓடியது, வந்தவர்களில் ஒருவர் ஸ்கோர் என்ன என்று கேட்டு ரேடியோ பக்கமாகவே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். பெரியப்பா இருமவே இல்லை. சாயந்திரம் மூட்டையை எடுத்துப் பார்த்தால் துண்டை வாயில் திணித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கல்யாணம் நடந்தது. அவர் பார்க்கவில்லை. என் வீட்டில் பின்கட்டு இல்லை, இரண்டு படுக்கையறை ஃபிளாட், ஆவணியில் இவர்கள் எல்லோரும் வருவார்கள், கூடத்தில் உட்காருவார்கள், ஏ.சி. இருந்தாலும் முழுக்கைச் சட்டைதான், பத்திரிகை வைக்கும்போது இரண்டு கையாலும் தட்டைக் கொடுக்க வேண்டும், கல்யாணத்தில் தாரை வார்க்க இரண்டு கையும் வேண்டும், அப்பாவின் கைமேல் மகளின் கை. அப்பாவின் கைமேல்.

“உள்ளே வாங்க அங்கிள், ஏ.சி. இருக்கு.” மறுபடியும் அங்கிள். கடை ஒன்றுக்குள் லொரேன் எங்களைக் கூட்டிப் போனாள். தொப்பி, பெல்ட், சேணம், கயிறு. கூடத்துக்கு நடுவில் ஒரு கண்ணாடிப் பெட்டியில் பாடம் செய்த ஒரு பிராணி, நம் ஊர் அழுங்கு மாதிரி முதுகெல்லாம் ஓடு, எலி மூஞ்சி, தலையில் விளையாட்டுக்கு ஒரு குட்டித் தொப்பி வைத்திருந்தார்கள். ஆர்மடில்லோ என்றான் லோகேஷ். லொரேன் கண்ணாடியைத் தட்டிக்கொண்டு ஏதோ சொன்னாள், வழக்கமாகச் சொல்கிற வேடிக்கை என்று குரலிலேயே தெரிந்தது, கடைசியில் ஒரு வார்த்தையை நீட்டி நிறுத்தினாள். லெப்ரசி. ஒஹாயோ தம்பதி இரண்டு பேரும் பெட்டியிலிருந்து பின்வாங்கிச் சிரித்தார்கள். காலையிலிருந்து அவள் பேசிய அத்தனை இங்கிலீஷிலும் இந்த ஒரு வார்த்தைதான் மொழிபெயர்க்காமலே எனக்குள் இறங்கியது, ஆஸ்பத்திரி போர்டில் இங்கிலீஷிலும் தமிழிலும் எழுதியிருக்கும் அதே வார்த்தை. இவளுக்கு எப்படித் தெரியும். யார் சொன்னது. பாலத்தில் என் கையைப் பார்த்தாளா. இல்லை, பெட்டியைப் பற்றிப் பேசுகிறாள், பெட்டியைத்தான் காட்டுகிறாள். முதுகில் வேர்வை இறங்கியது, ஏ.சி.யில். “என்ன தம்பி சொல்றாங்க?” அவன் கொஞ்சம் தயங்கினான். “இதைத் தொட்டா ஏதோ ஸ்கின் ப்ராப்ளம் வருமாம் அங்கிள். இந்தப் பக்கத்துல எப்பவாவது.” என் முன்னால் அந்த வார்த்தையைத் தமிழில் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. பெரியவர்கள் முன்னால் சொல்லக் கூடாத வார்த்தை என்று யார் அவனுக்குச் சொல்லிக் கொடுத்தார்கள், அவன் அம்மாவா, யாரும் சொல்லிக் கொடுத்திருக்க மாட்டார்கள், என் வீட்டிலும் யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. லொரேன் நிறுத்தவில்லை. ஒஹாயோ அம்மாள் ஏதோ கேட்டிருக்க வேண்டும், அதற்குப் பதிலாக, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, வேடிக்கைக் குரலை விட்டுவிட்டு நிதானமாகப் பேசினாள். டாடி, டாடி என்று அடிக்கடி வந்தது. லோகேஷ் தமிழில் சொல்லவில்லை. “சொல்லுங்க தம்பி.” “அவங்க அப்பாவுக்கு வந்துச்சாம் அங்கிள். திருவிழாவுல இதுங்களை ரேஸ் விடறதுக்குப் பிடிச்சுட்டு வருவாராம். மாத்திரை சாப்பிட்டு, ஒரு வருஷத்துக்கு மேல, சரியாயிடுச்சாம். அப்புறமும் ரொம்ப நாள் இருந்தாராம். டான்ஸ் எல்லாம் ஆடுவாராம்.” இங்கே அவள் மறுபடியும் ஏதோ சேர்த்தாள், என்னைப் பார்த்துக்கொண்டு, அல்லது என் தலைக்குமேல் தொங்கிய சேணத்தைப் பார்த்துக்கொண்டு. “சர்ச்சுல யார்கிட்டயும் சொல்லலையாம். அவங்க அம்மா சொல்லக் கூடாதுன்னுட்டாங்களாம். அரிப்புன்னுதான் சொல்லிட்டு இருந்தாங்களாம். இப்ப அவரும் இல்ல, அம்மாவும் இல்ல, அதனால சொல்றேங்கறாங்க.” 

இந்த ஊரிலும் நெல் மூட்டை இருந்திருக்கிறது. இவ்வளவு பெரிய ஆகாயத்துக்குக் கீழே. வெளியே போய்விடலாம், தாகம் என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம், பேச்சு மாறிவிடும், அடுத்தது பூட்ஸ், அடுத்தது மாட்டு ஊர்வலம், அப்புறம் சாப்பாடு, ஓட்டல், விமானம், ஆவணி. அரை நாளில் பெரும்பகுதி போய்விட்டது. சும்மா இருந்தால் போதும். சும்மா இருக்கத்தான் வேண்டும், பெரியப்பா சும்மா இருந்தார், துண்டைத் திணித்துக்கொண்டு. “எப்படி ஆரம்பிச்சதுன்னு கேளுங்க தம்பி” என்று என் குரல் சொன்னது. “எதுக்கு அங்கிள்?” “கேளுங்க.” அவன் கேட்டான். லொரேன் இந்தக் கேள்விக்கு ஆச்சரியப்படவில்லை. தன் இடது கையை நீட்டி, முழங்கைக்குக் கீழே ஓர் இடத்தைச் சுற்றிக் காட்டினாள், பிறகு இரண்டு விரலால் எதையோ பிடித்து அங்கே அழுத்துவதுபோல் செய்தாள். லோகேஷ் அவளைப் பார்த்துக்கொண்டே வரிவரியாகச் சொல்லிக்கொண்டு வந்தான், பள்ளிக்கூடத்தில் பாடம் வாசிக்கிற மாதிரி, “இங்க ஒரு வெள்ளைத் திட்டு மாதிரி இருந்துச்சாம். வலியில்ல. ஒரு நாள் சிகரெட் நெருப்பு பட்டிருக்கு, அவருக்குத் தெரியலையாம், வாசனை வந்தப்புறம்தான். சுட்டாக்கூடத் தெரி” என்று அந்தச் சொல்லை முடிக்காமல் நிறுத்தினான். தன் வாயில் இருந்ததை அவனே கேட்டுவிட்டான். மெதுவாகத் திரும்பினான். என் முகத்தைப் பார்க்கவில்லை. கையைப் பார்த்தான். பைக்குள் விட்டுக்கொள்ள நேரம் இருந்தது. விட்டுக்கொள்ளவில்லை. ஏன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. கொப்புளம் அப்போதே கிளம்பியிருந்தது, உள்ளங்கை ஓரத்தில், கண்ணாடி மாதிரி. அதற்கு மேலே மூடிய பட்டன். அவன் கண் கொப்புளத்திலிருந்து பட்டனுக்குப் போய், பட்டனிலிருந்து கைச்சட்டை வழியாக மேலே வந்து, என் கண்ணுக்கு வருவதற்குள் நின்றுவிட்டது. “ஒரு நிமிஷம்” என்றான். அங்கிளும் இல்லை, மாமாவும் இல்லை. போனை எடுத்துக்கொண்டு கடையைவிட்டு வெளியே போனான்.

ஊர்வலம் வரப்போகிறது என்று லொரேன் எங்களைத் தெருவோரத்துக்கு அழைத்துப் போனாள். ஜனம் கூடியிருந்தது, குழந்தைகள் தோள்மேல். லோகேஷ் தெருவுக்கு அந்தப் பக்கம், ஒரு கம்பத்தின் நிழலில், போனைக் காதில் வைத்துக்கொண்டு முதுகைக் காட்டி நின்றான். அம்மாவாகத்தான் இருக்கும். வாலாஜாவில் இப்போது ராத்திரி, சாப்பிட்டுப் படுக்கப் போயிருப்பாள், எழுந்து உட்கார்ந்திருப்பாள், என்னடா சொல்றே, என்னடா சொல்றே. அல்லது ரேணுகாவா. ரேணுகாவாக இருந்தால் இன்னும் மோசம், அவள் முதலில் கோபப்படுவாள், எங்கப்பாவைப் பத்தி என்ன பேசறீங்க என்பாள், அப்புறம் அறைக் கதவைத் திறந்துகொண்டு கூடத்துக்கு வந்து அம்மாவைப் பார்ப்பாள், அப்பா கையில இருக்கிற தேமல் என்று ஆரம்பிப்பாள், பூவரசங்காய் இன்னும் சமையலறை ஜன்னலில் இருக்கும். ஓடிப்போய் அவன் கையிலிருந்து போனைப் பிடுங்கலாம் என்று கால் முன்னே வந்தது. எக்காளம் மாதிரி ஏதோ ஒலித்தது. குதிரைமேல் ஒருவன் கையை நீட்டி எங்களைப் பின்னால் போகச் சொன்னான், மாடுகள் வந்துவிட்டன. ஓட்டம் இல்லை, ஆர்ப்பாட்டம் இல்லை, கோயில் மாடு மாதிரி நிதானமாக, ஒன்றன்பின் ஒன்றாக, கொம்புகள் ஒன்றோடொன்று இடிக்காமல் எப்படித்தான் போகின்றனவோ, குளம்புச் சத்தம் செங்கல்மேல். எனக்கும் அவனுக்கும் நடுவே. ஒரு முதுகு தாண்டினால் அவன் தெரிந்தான், தலை குனிந்திருந்தது, அடுத்த முதுகு, மறைந்தான், கொம்புக்கு நடுவில் அவன் கை அசைவது மட்டும் தெரிந்தது, பேசுகிறானா கேட்கிறானா, உண்ணிப் புள்ளி, கம்பிக் கோடு, சூட்டுக் குறி, இன்னொரு சூட்டுக் குறி, இவற்றுக்கு எதையும் மூடிக்கொள்ளச் சட்டை இல்லை, எல்லாக் குறையும் வெயிலில் இருக்கிறது, நடக்கின்றன, ஜனம் கைதட்டுகிறது. பாலத்தில் பார்த்த அந்தக் கிழட்டு வெள்ளை மாடு கடைசியாக வந்தது. அது தாண்டிய பிறகு கம்பத்தின் நிழலில் யாரும் இல்லை.

போய்விட்டான். காரை எடுத்துக்கொண்டு. இல்லை, அப்படிப் போகிற பையன் இல்லை, மூடி திறந்து கொடுத்த பையன், ஓட்டலில் விட்டுவிட்டுத்தான் போவான், பேசாமல் ஓட்டுவான், பாட்டு வைப்பான், இறங்கும்போது உடம்பைப் பார்த்துக்குங்க அங்கிள் என்பான், ஒரு வாரம் கழித்து வாலாஜாவிலிருந்து மல்லிகாவுக்குப் போன் வரும், ஜாதகத்தை வேற ஒருத்தர்கிட்ட காட்டினோம், ஏதோ சின்ன தோஷம் சொல்றாரு. அவள் அழுவாள். ரேணுகா அழ மாட்டாள், அதுதான் தாங்காது. ஜனம் கலைந்துகொண்டிருந்தது. குதிரைச் சாணத்தின்மேல் ஒரு குழந்தை தாண்டிக் குதித்தது. தெருவோர மரப் பெஞ்சில் உட்கார்ந்தேன், மரப் பெஞ்சுதானா என்று வலது கையால் தொட்டுப் பார்த்துவிட்டு. யாரோ பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்கள். உட்கார்ந்தார்கள், எழுந்து நிற்கவில்லை. லோகேஷ். கையில் ஒரு பெரிய காகிதக் கோப்பை, நிறைய ஐஸ். முகம் கழுவியிருந்தான், நெற்றி முடி ஈரம். யாரிடம் பேசினான் என்று அவன் சொல்லவில்லை, நான் கேட்கவில்லை. “கையைக் காட்டுங்க” என்றான். கொப்புளத்தைக் கேட்கிறான் என்று வைத்துக்கொள்ளலாம். உள்ளங்கையை மட்டும் திருப்பிக் காட்டினால் போதும், ஐஸ் வைப்பான், நன்றி சொல்லலாம், இன்னும் ஒரு வழி இருக்கிறது, இன்னும்கூட. பட்டனைப் பிடித்தேன். சின்னப் பட்டன், காலையில் இவ்வளவு இறுக்கமாக இருந்ததாகத் தெரியவில்லை. கழற்றினேன். கைச்சட்டையை ஒரு மடிப்பு, இன்னொரு மடிப்பு, முழங்கைவரை. வெயிலில் அது நான் நினைத்ததைவிடப் பெரிதாக இருந்தது. ஓரங்கள் சிவந்து, நடுவில் வெளிறி, முடி உதிர்ந்து. அவன் மூச்சை உள்ளே இழுத்தது கேட்டது. ஒரு துண்டு ஐஸை எடுத்தான். கொப்புளத்தின்மேல் வைக்கவில்லை. அதற்கு மேலே, வெளிறிய இடத்தின் நடுவில் வைத்து, பிடித்துக்கொண்டான்.

“சில்லுன்னு இருக்கா?”

எரியுதா என்று மல்லிகா கேட்டபோது ஆமாம் என்று சொன்னது நாக்கின் நுனியிலேயே இருந்தது. அவன் விரல்கள் ஐஸோடு சேர்ந்து என் தோலைத் தொட்டுக்கொண்டிருந்தன, அதைப் பார்க்க முடிந்தது.

“இல்ல” என்றேன். பிறகு வலது கட்டைவிரல் நகத்தால், ஓரத்திலிருந்து ஆரம்பித்து, தொடுவது தெரிகிற இடமும் தெரியாத இடமும் சேரும் கோட்டின் வழியாகவே மெதுவாக இழுத்துக்கொண்டுபோய், ஆரம்பித்த இடத்திலேயே முடித்தேன். “இங்கேர்ந்து இதுவரைக்கும்.” அவன் அந்த வட்டத்தைப் பார்த்தான். ஐஸை எடுக்கவில்லை. உருகிய தண்ணீர் அவன் விரலிடுக்கில் இறங்கி, என் கையோடு வழிந்து, கோட்டைத் தாண்டி முழங்கை மடிப்புக்கு வந்தபோது சில்லென்றது.